ராசிக்காரர் பக்கத்து இடம்

“அம்மா, எனக்குக் கண்ணு பட்டிருச்சு. நீங்கதான் சுத்திப் போடணும்.”

வெயில்முத்து இப்படிச் சொன்னபோது கோமதியம்மா முறத்தில் நொய் புடைத்துக்கொண்டிருந்தார். தலை நிமிரவில்லை.

“யாரு கண்ணு அண்ணாச்சி?”

“ஊருக் கண்ணு தாயி.”

“அம்புட்டும் உங்க மேலயேவா? மத்தவங்களுக்குக் கொஞ்சம் மிச்சம் வைக்கக் கூடாதா?”

கூட வந்திருந்த நாகஜோதி களுக்கென்று சிரித்துவிட்டாள். அவளுடைய அம்மா சீனித்தாய் அவள் தொடையில் ஒரு கிள்ளு கிள்ளினாள். சீனித்தாய் வெயில்முத்துவின் தங்கச்சி. நாகஜோதிக்கு மாமா என்றால் உயிர், ஆனால் சிரிப்பை அடக்கத் தெரியாது.

மலையடிவாரத்தில் இருக்கும் சின்ன மடம் அது. கோயிலுக்கு நடந்து போகிறவர்களுக்கு அங்கே கஞ்சி கிடைக்கும். கோமதியம்மா காவி கட்டமாட்டார், குறி சொல்லமாட்டார், காலில் விழுந்தால் திட்டுவார். இந்த மடத்துக்கு வருமுன் பதினோரு வருடம் ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் தீக்காய வார்டில் ஆயாவாக இருந்தவர். அதைப் பற்றிப் பேசமாட்டார்.

அவருக்கு நாற்பத்திரண்டு வயது. வெயில்முத்துவுக்கு ஐம்பத்தாறு.

“பதினாலு வயசு சின்னப் பொம்பளையப் போயி குருன்னு சொல்லிக்கிட்டுத் திரியுறீரே வே, வெக்கமா இல்லயா?” என்று ஊரில் கேட்பார்கள்.

“என்னை ஏசுறதுக்கு அவங்க ஒருத்தங்கதான் இருக்காங்க” என்பார் வெயில்முத்து.

அது நிஜம். வேறு யாரும் அவரை ஏசமாட்டார்கள். ராசிக்காரரை யார் ஏசுவார்கள்?

ஊரில் புது வண்டி வாங்கினால் சாவியை முதலில் அவர் கையில் கொடுப்பார்கள். கடை திறந்தால் முதல் போணி அவர்தான். ஒருமுறை பசுமாடு கன்று ஈனச் சிரமப்பட்டபோது அவரைத் தூக்கத்தில் எழுப்பி மாட்டின் முதுகில் கை வைக்கச் சொன்னார்கள். வைத்தார். கன்று விழுந்தது. மாட்டு வைத்தியர் அதற்கு முன்னால் இரண்டு மணி நேரம் பாடுபட்டிருந்தார் என்பது யாருக்கும் ஞாபகம் இல்லை, பாவம் மனுஷன்.

இந்தப் பேர் அவருக்கு வந்தது வெடியாபீஸில். பட்டாசு ஆலைக்கு அந்தப் பக்கம் அதுதான் பேர்.

கோமதியம்மா முறத்தைத் தட்டினார்.

“உடம்புக்கு என்ன செய்யுது?”

“பதினஞ்சு நாளா கை நடுங்குதும்மா. சோறு எறங்கல. வேலைக்குப் போயி ரூம் வாசல்ல கால் வச்சா நெஞ்சு படபடங்குது. இருபத்தெட்டு வருசமாப் போற எடம்! இப்பப் பயமா இருக்கும்மா. சின்னப் பிள்ள மாதிரிப் பயமா இருக்கு.”

“பதினஞ்சு நாளைக்கு முன்னால என்ன நடந்துச்சு?”

“ஒண்ணும் நடக்கல.”

“நல்லா யோசிங்க.”

சீனித்தாய்தான் சொன்னாள். “நான்தாம்மா அண்ணன்கிட்ட ஒண்ணு கேட்டேன். இவ படிப்ப முடிச்சுட்டா. திங்கக்கிழமையிலருந்து வெடியாபீஸுக்கு அனுப்பலாம்னு இருக்கேன். வேற எங்கயும் உக்கார வைக்க மனசில்ல. அண்ணன் பக்கத்துல ஒரு எடம் காலியா இருக்கு. அந்த எடத்துக்கு ஊரே போட்டி போடுது. சொந்தத் தங்கச்சி மகளுக்கு இல்லாத எடமான்னு கேட்டேன்.”

“அண்ணாச்சி என்ன சொன்னாரு?”

“சரின்னுதான் சொன்னாரு. அன்னைக்குச் சாயங்காலமே கை நடுக்கம் வந்துருச்சு. அந்த எடம் கிடைக்காத எவளோ வயித்தெரிச்சல்ல கண்ணு வச்சுட்டா.”

“ஆமாம்மா” என்றார் வெயில்முத்து. “அதேதான்.”

கோமதியம்மா முறத்தை மடியில் வைத்துக்கொண்டார்.

“நீங்க ராசிக்காரருன்னு எனக்குக் கேள்விதான். எப்படின்னு நீங்க சொல்லிக் கேட்டதில்ல. சொல்லுங்க.”

வெயில்முத்து நிமிர்ந்து உட்கார்ந்தார். இதை அவர் நூறு தடவை சொல்லியிருக்கிறார். டீக்கடையில், கல்யாண வீட்டில், பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரரிடம்கூட.

“ஒம்பது வருசத்துக்கு முந்தி மொத விபத்து. வாய் நெறைய வெத்தல. துப்பலாம்னு எந்திரிச்சு வாசல்ல ஒரு கால் வச்சேன். பின்னால டமார்னுச்சு. என்னைத் தூக்கிட்டுப் போயி மணல்ல போட்டுச்சு. ஒரு கீறல் இல்ல. வாயில வெத்தல அப்படியே இருக்கு!”

“பக்கத்துல யாரு?”

“சுந்தரவல்லி. அவ போயிட்டா. இன்னும் ஒருத்தரும் போயிட்டாரு.” மூச்சு விடாமல் அடுத்ததற்குப் போனார். “ரெண்டாவது, ஆறு வருசம் ஆச்சு. கால் மரத்துப்போச்சேன்னு நீட்டி, வாசப்படிக்கு வெளிய போட்டிருந்தேன். தீப்பொறி பட்டதுதான் தெரியும், உருண்டு வெளிய கெடக்கேன். புருவம் மட்டும் கருகுச்சு. அதுவும் முன்னவிட அடர்த்தியா முளச்சிருச்சு, பாருங்க!”

“பக்கத்துல யாரு?”

“கருத்தப்பாண்டி. அவன் பொஞ்சாதி அவனுக்கு அந்தப் பக்கம். ரெண்டு பேரும்தான்.” விரலை மடக்கினார். “மூணாவது போன வருசம் ஆடியில. வாசல்ல நின்னு செம்புத் தண்ணி அண்ணாந்து குடிச்சுக்கிட்டிருக்கேன். மூணு பேரு போயிட்டாங்க. என் செம்புகூட நசுங்கல. மொதலாளி அன்னைக்கே சொல்லிட்டாரு, வெயில்முத்து இருக்கிற வரைக்கும் எனக்குக் கவலையில்லன்னு.”

“பக்கத்துல யாரு?”

“மாரீஸ்வரி. இருபத்திரெண்டு வயசு. அவங்க அம்மா என் கையைப் பிடிச்சு, உங்க ராசி என் மகளையும் காக்கட்டும்னு சொல்லி…”

அங்கே பேச்சு அறுந்தது. செருமினார்.

“பாத்தீங்களா? இதுகூடக் கண்ணேறுதான். பேச விடமாட்டேங்குது.”

கோமதியம்மா நொய்யைப் பானையில் கொட்டினார். அடுப்பில் நெருப்பைத் தள்ளிவிட்டார்.

“சரி. சுத்திப் போடுறேன்.”

எல்லோருக்கும் ஆச்சரியம். இந்த மாதிரிக் காரியத்துக்கு அவர் ஒருநாளும் ஒத்துக்கொண்டதில்லை. போன மாதம் எலுமிச்சம்பழம் கட்டிக்கொண்டு வந்தவரிடம் அதைப் பிடுங்கி மோரில் பிழிந்தவர்.

“ஆனா அண்ணாச்சி, கண்ணு பட்ட எடம் உங்க ரூம். அந்த ரூம் மாதிரியே உக்காந்தாத்தான் கண்ணு கழியும். உங்க ரூம்ல எத்தனை பேரு?”

“நாலு பேருக்குத்தான் எடம். ஏழு பேரு உக்காருவோம். எல்லாரும் என் ரூமுக்குத்தான் வரணும்னு அடம்பிடிச்சா என்ன செய்யறது?”

“இங்கயும் ஏழு பேரு சரியா இருக்கு.”

இருந்தது. இவர்கள் மூன்று பேர், கோமதியம்மா, கஞ்சிக்குக் காத்திருந்த பாதயாத்திரைக்காரர்கள் மூன்று பேர். அந்த மூவருக்கும் ஒன்றும் புரியவில்லை. ஆனால் கஞ்சி இன்னும் வேகவில்லை. சும்மா இருப்பதற்கு இது மேல் என்று அடுப்படிக்குள் வந்து உட்கார்ந்தார்கள்.

“கதவு எத்தனை?”

“நாலு. சட்டப்படி நாலு பக்கமும் இருக்கணும். ஆனா தெக்குக் கதவ நாங்க தொறக்கிறதில்ல.”

“ஏன்?”

“என்னம்மா தெரியாத மாதிரிக் கேக்கீங்க? அது எமதிசை! வெடிக்கு நடுவுல உக்காந்துக்கிட்டு எமனுக்குக் கதவத் தொறந்து வைக்கவா? மூட்டைய அடுக்கிட்டோம். கெழக்க சாமி படம். அந்தக் கதவு வழியா செருப்புக் காலோட எப்படிப் போறது? மேக்க வெயிலு, அதச் சாத்திருவோம். வடக்குதான் குபேர வாசல். அங்கதான் நான் உக்காருவேன். மொதல்ல என்னைத் தாண்டித்தான் யாரும் உள்ள வரணும். ராசியோட வரட்டும்னு.”

“நல்லது” என்றார் கோமதியம்மா.

அடுப்படிக்குப் பின்புறம் ஒரு கதவு உண்டு. அதைச் சாத்தி, ஒரு அரிசி மூட்டையை இழுத்து முட்டுக்கொடுத்தார். ஜன்னலையும் சாத்தினார். பிறகு வெயில்முத்துவை வாசல்படி ஓரம் உட்கார வைத்தார். அவருக்குப் பக்கத்தில் உள்பக்கமாக நாகஜோதி. அவளுக்குப் பின்னால் சீனித்தாய். அப்புறம் மூன்று பாதயாத்திரைக்காரர்கள். எல்லோருக்கும் பின்னால் அடுப்போரம் சுவரில் முதுகை ஒட்டிக்கொண்டு கோமதியம்மா.

“இடிக்குதா அண்ணாச்சி?”

“இல்லம்மா. அங்க இதவிட நெருக்கம்.”

வரமிளகாய், கல் உப்பு, மூன்று பாதை கூடுகிற இடத்து மண். எல்லாவற்றையும் கையில் எடுத்துக்கொண்டு எழுந்து வந்து வெயில்முத்துவை மூன்று சுற்றுச் சுற்றினார். அவர் பயபக்தியோடு மூன்று தடவை துப்பினார். கோமதியம்மா திரும்ப எல்லோரையும் தாண்டி அடுப்புக்குப் போனார்.

“ஏழு மிளகாய் போதும்மா” என்று குரல் கொடுத்தார் வெயில்முத்து.

“உங்க ஊர் பெரிய ஊராச்சே” என்றவர் ஒரு கூடை மிளகாயை அப்படியே நெருப்பில் கவிழ்த்தார்.

இந்த வழக்கத்தில் எல்லோருக்கும் தெரிந்த கணக்கு ஒன்றுதான். மிளகாய் கமறினால் கண்ணு படவில்லை. கமறாவிட்டால் கண்ணு பட்டிருந்தது, இப்போது கழிந்துவிட்டது.

உப்பு படபடவென்று பொரிந்தது.

அந்தச் சத்தம் கேட்டதுதான். வெயில்முத்துவின் கால்கள் அவரைக் கேட்கவில்லை. ஒரே தாவு. முற்றத்தைத் தாண்டி வேலியோரம் போய் நின்றார். தாவும்போது யாரையோ மிதித்தது போலிருந்தது. அதைக் கவனிக்க நேரமில்லை.

வெளியே நல்ல காற்று. அவர் மூச்சை இழுத்துப் பார்த்தார். இன்னும் ஒருமுறை நன்றாக இழுத்துப் பார்த்தார். கமறவில்லை. கண்ணில் ஒரு சொட்டு நீர் இல்லை.

“ஆத்தாடி!” என்று கத்தினார். “அம்மா! நெடியே இல்ல! ஒரு துளி கமறல் இல்ல! நான் சொன்னேன்ல, கண்ணுதான்! கழிஞ்சிருச்சும்மா!”

கையை நீட்டிப் பார்த்தார். நடுக்கம்கூட நின்றிருந்தது. சந்தோஷத்தில் வேட்டியை மடித்துக் கட்டினார்.

உள்ளேயிருந்து கோமதியம்மாவின் குரல் வந்தது. இருமலுக்கு நடுவே பிய்ந்து பிய்ந்து வந்தது.

“அண்ணாச்சி… பக்கத்துல… யாரு?”

“நாகஜோதி” என்றார் வெயில்முத்து.

முன்னால் மூன்று தடவை பதில் சொன்ன அதே குரலில்தான் சொன்னார். சுந்தரவல்லி என்று சொன்ன குரல், மாரீஸ்வரி என்று சொன்ன குரல். சொல்லி முடித்த பிறகுதான் அந்தப் பேர் அவர் காதில் விழுந்தது.

அப்புறம்தான் இருமல் சத்தம் கேட்டது. அவ்வளவு நேரமும் அது கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறது.

ஓடினார். வாசலில் புகை முகத்தில் அறைந்தது. அப்போது கமறியது பாருங்கள், நெஞ்சுக்குள் நெருப்பை அள்ளிப் போட்டது போல. கண்ணைத் திறக்க முடியவில்லை. தரையில் தவழ்ந்து கையால் துழாவினார். ஒரு கை அகப்பட்டது. இழுத்தார். நாகஜோதி குப்புற விழுந்து கிடந்தாள். எழுந்திருக்க முயன்றவள் மேல் பின்னால் இருந்தவர்கள் விழுந்திருக்கிறார்கள். அவள் புறங்கையில் மண்ணோடு ஒரு கால் தடம் இருந்தது. பெரிய கால்.

அதற்குள் கோமதியம்மா அரிசி மூட்டையை உதைத்துத் தள்ளிப் பின்கதவைத் திறந்துவிட்டார். குபுகுபுவென்று புகை வெளியேறியது. எல்லோரும் இரண்டு வாசல் வழியாகவும் வந்து விழுந்தார்கள்.

“கஞ்சி கேட்டு வந்தா மிளகாயைக் கொளுத்திக் கொல்லப் பாக்கீங்களே, நல்லா இருக்கும்மா உங்க மடம்!” என்று பாதயாத்திரைக்காரர்களில் பெரியவர் சத்தம் போட்டார். நியாயமான கோபம்தான். கோமதியம்மா அவர் முன்னால் கைகூப்பி, மன்னிச்சுக்கோங்க என்று சொல்லி, ஆளுக்கு ஒரு சொம்பு மோர் கொடுத்தார். நாகஜோதியின் முகத்தைத் தானே கழுவிவிட்டார். அந்தக் கை பழகிய கை, அழுத்தாமல் ஒத்தி ஒத்தி எடுத்தது.

“வலிக்குதா தாயி?”

“கை மட்டும்தான்” என்றாள் நாகஜோதி. மாமாவைப் பார்த்து லேசாகச் சிரித்தாள். “என்னா மிதி மாமா!”

வெயில்முத்து வேப்பமரத்தடியில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தார். மிளகாய்க் கண்ணீர் வடிந்து தீர்ந்த பிறகும் அழுதார். சத்தம் போட்டு, மூக்கைச் சிந்தி, வெட்கமில்லாமல் அழுதார். ஒன்பது வருடமாக அழாத அழுகை.

“நான் அவங்க ஒருத்தர் வீட்டுக்கும் போகலம்மா. மாரீஸ்வரி அம்மா எதுக்க வந்தா வேற தெருவுல திரும்பிருவேன். துக்கத்துக்கு ராசிக்காரரு வரவேண்டாம்னு ஊர்ல சொன்னாங்க. எனக்கும் அது நல்லதாப் போச்சு.”

கோமதியம்மா வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார்.

“நீங்க ஆஸ்பத்திரியில அவளப் பாத்தீங்களா? சுந்தரவல்லிய?”

“பாத்தேன்.”

“ஏதாவது சொன்னாளா?”

“அண்ணன் பொழச்சிட்டாரான்னு கேட்டா. ஆமாம்னு சொன்னேன். அவருக்கு ராசின்னு சொன்னா.”

வெயில்முத்து முகத்தைப் பொத்திக்கொண்டார்.

நேரம் போனது. கஞ்சி வெந்தது. மிளகாய் வாசனையோடுதான் இருந்தது, ஆனாலும் எல்லோரும் குடித்தார்கள்.

கிளம்பும்போது சீனித்தாய் அண்ணன் பக்கத்தில் வந்து நின்றாள். கண் இன்னும் சிவந்திருந்தது. தயங்கித் தயங்கிக் கேட்டாள்.

“அண்ணே, உங்களுக்குக் கமறலேன்னீங்க. அப்பக் கண்ணு கழிஞ்சிருச்சுதானே? திங்கக்கிழமை இவள உங்க பக்கத்துல…”

“என் பக்கத்துல வேண்டாம்.”

சீனித்தாயின் முகம் தொங்கிப்போனது. “சொந்தத் தங்கச்சிகிட்டயே இப்படிச் சொல்லுறீங்களே.”

“மொதல்ல அந்த நாலு கதவும் தொறக்கட்டும் சீனி. தெக்குக் கதவு மூட்டைய நானே எடுத்துப் போடப்போறேன். நாலு பேருக்கு மேல ஒருத்தரு உள்ள உக்காரக் கூடாது. மொதலாளிகிட்ட நான் சொல்லிக்கிறேன். மாட்டேன்னாருன்னா நானும் வரமாட்டேன், இவளும் வரவேண்டாம். என்னை விட்டுட்டு அவருக்குத் தூக்கம் வராது, கேப்பாரு.”

“கேட்டாருன்னா?”

“இவ என் எடத்துல உக்காரட்டும். வாசல்ல.”

“அய்யய்யோ, அது உங்க ராசி எடமாச்சே! அப்ப நீங்க எங்கண்ணே உக்காருவீங்க?”

வெயில்முத்து நாகஜோதியின் கையைப் பிடித்து, அந்தக் கால் தடத்தை மெதுவாகத் தடவிக்கொடுத்தார்.

“இவ பக்கத்துல.”